கோபுரத்துக்குக் கீழே ஒரு நடை

ஸ்ரீவில்லிபுத்தூரில் இறங்குகிற யாரும் முதலில் அண்ணாந்துதான் பார்ப்பார்கள். 11 நிலைகளோடு 192 அடி உயரத்துக்கு எழுந்து நிற்கிற வடபத்ரசாயி கோயில் ராஜகோபுரத்துக்கு முன்னால் வேறெதுவும் கண்ணில் படாது. ஆண்டாளைச் சேவித்து, பால்கோவா வாங்கிக்கொண்டு, வண்டி குற்றாலத்துக்கோ சபரிமலைக்கோ கிளம்பிவிடும். வழியில் ராஜபாளையத்தில் ஒரு டீ. அத்தோடு இரண்டு ஊர்களும் முடிந்தன.

எனக்கு இதில் நெடுநாளாக ஒரு மனக்குறை உண்டு. ஆழ்வார்கள் காலமும் நாயக்கர் காலமும் இங்கே வருகிறவர்களுக்கு ஓரளவு தெரிகிறது. அதற்குப் பின் வந்த கிழக்கிந்தியக் கும்பினி ஆட்சி, கலெக்டர் ஆட்சி, பஞ்சு வியாபாரம், ரயில், காங்கிரஸ், மில் என்று ஒன்றரை நூற்றாண்டு அப்படியே கவனிப்பாரற்றுக் கிடக்கிறது. சென்னையில் 2004-இல் மெட்ராஸ் தினம் கொண்டாடத் தொடங்கியதிலிருந்து, விடிகாலையில் இருபது முப்பது பேரை அழைத்துக்கொண்டு போய் ஜார்ஜ் டவுனையும் எழும்பூரையும் காட்டுகிற நடைகள் பெருகிவிட்டன. மதுரையிலும் இன்டாக் அமைப்பும் டிராவல் கிளப்பும் தானம் அறக்கட்டளையும் சேர்ந்து இப்படி நடைகளை நடத்தியிருக்கின்றன. அந்த வரிசையில் ஸ்ரீவில்லிபுத்தூரும் ராஜபாளையமும் வர வேண்டும் என்பது என் ஆசை. அதற்கான பாதை எப்படி இருக்கும் என்று நடந்து பார்த்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். சென்னை உயர் நீதிமன்றத்தைப் போல செங்கல்லும் குவிமாடமுமாக ஒரு மாளிகையை எதிர்பார்த்து இங்கே வரக்கூடாது. வெள்ளைக்காரன் இந்தப் பக்கம் பெரிதாக எதையும் கட்டவில்லை. முதலில் இடித்தான். 1799-இல் கட்டபொம்மனைக் கயத்தாற்றில் தூக்கிலிட்ட கையோடு மேஜர் பானர்மன் பாளையக்காரர்களின் கோட்டைகளைத் தரைமட்டமாக்கவும் ஆயுதங்களைப் பறிக்கவும் உத்தரவு போட்டார். அதற்கு முன்பே, 1761-இல், யூசுப் கான் கும்பினிக்காகப் பாளையக்காரர் புலித்தேவரின் நெற்கட்டும்செவலையும் வாசுதேவநல்லூரையும் பிடித்திருந்தார். ராஜபாளையத்திலிருந்து தெற்கே போகும் சாலையில் சிவகிரி தாண்டினால் வாசுதேவநல்லூர். 1801-இல் ஆர்க்காட்டு நவாபிடமிருந்து ஆட்சி மொத்தமும் கும்பினி கைக்குப் போனது. இன்று இந்த வட்டாரத்தில் மண்கோட்டைச் சுவர் எதையும் காணவில்லையே என்று கேட்கிறவருக்கு, காணாமல் போனதும் அந்தக் காலத்தின் கட்டடக் கலைதான் என்று சொல்ல ஒருவர் கூடவே நடந்து வர வேண்டும்.

இடித்து முடித்த பிறகு, ஏற்கெனவே நிற்கிற கட்டடத்தில் குடியேறினார்கள். திருமுக்குளத்தின் பக்கம் காற்றாட நடந்துவிட்டு, கோயில் வீதிகளை விட்டு விலகி வந்தால் நாயக்கர் மகால் இருக்கிறது. 1623 முதல் 1659 வரை ஆண்ட திருமலை நாயக்கர் ஆண்டாளைத் தரிசிக்க வரும்போது தங்கிய மாளிகை. கோயிலில் பூஜை மணி அடித்ததும் மதுரை வரைக்கும் மணிமண்டபம் மணிமண்டபமாக அந்த ஓசை போய்ச் சேரும், அதைக் கேட்ட பிறகுதான் மன்னர் சாப்பிடுவார் என்று ஊரில் கதை சொல்வார்கள். இன்று மாநிலத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ள கட்டடம் இது. மதுரை மகாலைப் பார்த்தவருக்கு இது சின்னது. ஆனால் இரண்டு மகால்களுக்கும் நேர்ந்த கதி ஒன்றுதான். மதுரையில் பாழடைந்து கிடந்த அரண்மனையை 1860-களின் கடைசியில் கவர்னர் நேப்பியர் பழுதுபார்க்கச் சொல்ல, அங்கே ஜில்லா கோர்ட் வந்து உட்கார்ந்து 1970 வரைக்கும் நடந்தது. ஸ்ரீவில்லிபுத்தூர் மகாலிலும் நெடுங்காலம் கோர்ட்டுதான் நடந்தது.

அந்தத் தூண்களுக்கு நடுவில் நின்று கொஞ்சம் யோசித்துப் பார்க்கலாம். மன்னர் சாய்ந்திருந்த கூடத்தில் முன்சீப்பின் மேஜை. வாசலில் டவாலி பேர் சொல்லிக் கூப்பிடுகிறான். கண்மாய்த் தண்ணீர் தாவா, பாகப்பிரிவினை, அடமானம் என்று கரிசல்காட்டுச் சம்சாரிகள் துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓரமாக நிற்கிறார்கள். வக்கீல் குமாஸ்தா வக்காலத்தில் கையெழுத்து வாங்குகிறார். புது ஆட்சியை அந்தச் சம்சாரி கண்ணால் கண்டது கவர்னர் மாளிகையில் அல்ல, இந்தக் கூடத்தில்தான். பழைய ராஜாவின் கூரைக்குக் கீழே புதிய சட்டம் பேசியதால் அதற்கு ஒரு கனமும் வந்திருக்கும். ஒரு கட்டடத்துக்குள் இரண்டு அரசுகள் இருந்த சங்கதியைச் சுவரைப் பார்த்து யாரும் தெரிந்துகொள்ள முடியாது. சொன்னால்தான் தெரியும்.

சொல்வதற்கு ஆள் வேண்டும் என்பதற்கு இன்னொரு காரணமும் இருக்கிறது. 1910 வரைக்கும் ஸ்ரீவில்லிபுத்தூர் தாலுகா திருநெல்வேலி ஜில்லாவில் இருந்தது. அந்த வருடம் மதுரையிலும் திருநெல்வேலியிலும் துண்டு துண்டாக எடுத்து ராமநாதபுரம் ஜில்லாவை உண்டாக்கியபோது இது அதில் சேர்ந்தது. அந்த ஜில்லாவுக்கோ தலைமையிடம் அதன் எல்லைக்கு வெளியே, மதுரையில். பிறகு 1985-இல் விருதுநகர் மாவட்டம். ஆக, இந்த ஊர்களைப் பற்றிய பழைய காகிதம் எதைத் தேடினாலும் அது வேறோர் ஊரின் பெயரில்தான் கிடக்கும். 1881-இல் கால்டுவெல் எழுதிய திருநெல்வேலி வரலாற்றைப் புரட்ட வேண்டும். எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் திருநெல்வேலி, மதுரை, ராமநாதபுரம் என்று மூன்று வழியிலும் தேட வேண்டும். சொந்த ஊரின் கதை சொந்த ஊரில் கிடைக்காத நிலை. ஒரு வழிகாட்டி அதையெல்லாம் படித்துவிட்டு வந்து தெருவில் நின்று சொல்லும்போதுதான் அது ஊருக்குத் திரும்புகிறது.

இந்த நடையில் நான் அதிக நேரம் ஒதுக்குவது பென்னிங்டன் நூலகத்துக்கு. 1875-இல் தொடங்கியது. திருநெல்வேலி ஜில்லாவில் கலெக்டராக இருந்த ஜே. பி. பென்னிங்டனின் பெயரைத் தாங்கி இன்றைக்கும் நடக்கிறது. அந்த ஆண்டை இன்னும் சில ஆண்டுகளோடு பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் அதன் அருமை விளங்கும். சென்னையில் கன்னிமாரா நூலகம் பொதுமக்களுக்குத் திறந்தது 1896-இல், அதாவது 21 வருடம் கழித்து. ஸ்ரீவில்லிபுத்தூர் நகராட்சி உருவானது 1894-இல். நகராட்சி வருவதற்கு முன்பே ஊருக்கு நூலகம் வந்துவிட்டது. பொது நூலகச் சட்டம் வந்தது 1948-இல். சட்டம் வருவதற்கு 73 வருடம் முன்பே, ரயில் இல்லாத, மின்சாரம் இல்லாத ஒரு தாலுகா ஊரில், எல்லோரும் உட்கார்ந்து படிக்க ஓர் இடம் வேண்டும் என்று யாரோ நினைத்திருக்கிறார்கள். அடுத்த வருடமே தாது வருஷப் பஞ்சம். தென்னாடே எலும்பும் தோலுமாகிப் போன 1876–78-ஐத் தாண்டி அந்த நூலகம் பிழைத்துக் கிடந்தது என்பதை நினைக்கும்போது எனக்கு நெஞ்சு விம்முகிறது.

கோர்ட்டும் நூலகமும் ஒன்றையொன்று தாங்கியவை என்று நான் நினைக்கிறேன். கோர்ட் இருந்தால் வக்கீல்கள் இருப்பார்கள். தாலுகா ஆபீஸ் இருந்தால் குமாஸ்தாக்கள், பள்ளிக்கூடம் இருந்தால் வாத்தியார்கள். பத்திரிகை படித்து, லண்டனில் என்ன பேசினார்கள் என்று வாதம் பண்ண ஒரு கூட்டம் ஊரில் சேர்ந்துவிடும். அந்தக் கூட்டத்தில் பெண்கள் இல்லை, உழைக்கிற சாதிக்காரர்களுக்கு இடம் இருந்திருக்காது என்பதையும் நடையில் வருகிறவர்களுக்குச் சொல்லத்தான் வேண்டும். கலெக்டர் பெயரை மாற்றினால் என்ன என்று கேட்பவர்களும் உண்டு. மாற்றக்கூடாது என்பதுதான் என் கட்சி. பெயர் அவருடையது, 150 வருடமாகப் பத்திரிகையைப் புரட்டிய விரல்கள் ஊரினுடையவை. இரண்டும் சேர்ந்து நிற்பதுதான் உண்மை.

நூலகத்துக்குள் ஒரு பெரியவர் செய்தித்தாளை நாலாக மடித்துக் கையில் வைத்தபடி நிமிர்ந்து பார்த்தார்.

“என்ன தம்பி, பரீட்சைக்குப் படிக்க வந்தீகளா?”

“இல்ல அண்ணாச்சி, லைப்ரரியையே பாக்க வந்தேன்.”

“இதப் பாக்கவா?” என்றவர், மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னை நன்றாகப் பார்த்தார். “எங்க அப்பா இங்கனதான் பேப்பர் படிப்பாரு. வீட்ல வாங்க வசதி கெடையாது. படிச்சிட்டு வந்து தெருவுல நின்னு சொல்லுவாரு. யுத்தம் முடிஞ்சிருச்சுன்னு எங்க தெருவுக்கு அப்படித்தான் தெரியும்.”

ஒரு வரிப் பத்திரிகைச் செய்தி நூலகத்திலிருந்து நடந்தே தெருவுக்குப் போன காலம் அது. இந்தப் பெரியவரைப் போன்ற ஒருவரைப் பத்து நிமிடம் பேச வைக்க முடிந்தால், எந்தக் கல்வெட்டும் அதற்கு ஈடாகாது. நூலகத்தில் சத்தம் போடக்கூடாது என்பதால் வெளியே அழைத்து வந்து, ஒரு டீயும் வாங்கிக் கொடுத்துப் பேச வைக்க வேண்டும்.

அங்கிருந்து ராஜபாளையத்துக்குப் பஸ்ஸில் போய்விடலாம். பத்துப் பதினோரு கிலோமீட்டர். வலப்பக்கம் மேற்குத் தொடர்ச்சி மலை கூடவே வரும். கொல்லத்திலிருந்து செங்கோட்டைக் கணவாய் வழியாக மதுரைப் பக்கம் சரக்கு வந்த சாலை இதுதான். இன்று தேசிய நெடுஞ்சாலை 744. இந்தப் பஸ் பயணத்தில் சொல்ல ஒரு சேதி இருக்கிறது. ஆண்டாளின் கதையைக் கிருஷ்ணதேவராயர் ‘ஆமுக்தமால்யத’ என்று தெலுங்கில் காவியமாக்கினார். அதைத் தமிழுக்குக் கொண்டுவந்தவர் ராஜபாளையத்தைச் சேர்ந்த பன்மொழி அறிஞர் மு. கு. ஜகந்நாத ராஜா. ஸ்ரீவில்லிபுத்தூரின் மகள் விஜயநகரம் போய், வீட்டில் தெலுங்கு பேசும் பக்கத்து ஊர்க்காரர் கையால் தமிழில் ஊர் திரும்பியிருக்கிறாள்.

ராஜபாளையம் வேறு மாதிரி ஊர். இங்கே எல்லாத் தெருவையும் கூட்டிச் சேர்க்கிற ஒற்றைக் கோபுரம் கிடையாது. பழையபாளையம், புதுப்பாளையம், சிங்கராஜாக்கோட்டை, சக்கராஜாக்கோட்டை என்று தெலுங்கு பேசும் ராஜுக்கள் குடியேறிய பகுதிகள். ஒவ்வொன்றுக்கும் ஒரு சாவடி. விஜயநகரத்தோடு தெற்கே வந்தவர்கள், கீழராஜகுலராமன் வழியாக இங்கே வந்து தங்கினார்கள். கல்யாணம், பஞ்சாயத்து, ஊர்க்கூட்டம், துக்கம் எல்லாம் சாவடியில்தான். 1901-இல் கணக்கெடுத்தபோதே இது இருபத்தையாயிரம் பேருக்கு மேல் வாழ்ந்த பெரிய ஊர். ஸ்ரீவில்லிபுத்தூருக்குக் கிட்டத்தட்டச் சமம். ஆனாலும் தாலுகாக் கச்சேரியும் கோர்ட்டும் அங்கே. அதிகாரம் அங்கே இருந்தது; இங்கே மக்கள் பஞ்சையும் நிலத்தையும் நம்பினார்கள்.

சாவடித் தெருக்களில் நடக்கும்போது வீடுகளைப் பார்த்துக்கொண்டே போக வேண்டும். ஒரு வீட்டின் வாசலில் நான் தயங்கி நின்றதைப் பார்த்து, திண்ணையில் இருந்த அம்மா உள்ளே யாரிடமோ தெலுங்கில் ஏதோ சொல்லிவிட்டு, “வெயில்ல நிக்காதீங்க தம்பி, உள்ள வந்து பாருங்க” என்றார். உள்ளே போனதும் காலுக்கு இதமான குளிர்ச்சி. சுண்ணாம்புக் காரை பூசி வழவழவென்று தேய்த்த சுவர். தலைக்கு மேலே தேக்குக் கட்டைகளை நெருக்கி அடுக்கி, அதன் மேல் செங்கல்லைச் சாய்த்துப் பதித்த கட்டைக்குத்து மச்சு. ஆங்கிலேயப் பொறியாளர்கள் மெட்ராஸ் டெர்ரஸ் என்று எழுதி வைத்தது இதைத்தான். நடுக்கூடத்தில் மட்டும் கட்டைக்குப் பதிலாக இரும்பு உத்தரம். அந்த அம்மா கொடுத்த டார்ச்சை அடித்துப் பார்த்தால், பெயின்ட் உரிந்த இடத்தில் ஆங்கில எழுத்துகள் புடைப்பாகத் தெரிந்தன. இங்கிலாந்தில் இரும்பாலையில் உருக்கி உருட்டும்போதே பதித்த பெயர். பின்கட்டில் மங்களூர் ஓடு; 1865-இல் பாசல் மிஷன் மங்களூரில் ஆரம்பித்து வைத்த ஓட்டுத் தொழில் இந்த மலையடிவாரம் வரை வந்துவிட்டது. திண்ணை, வளவு, சாமி அறை எல்லாம் நம் வழக்கம். சுமையைத் தாங்கியது வெள்ளைக்காரன் இரும்பு. “எங்க மாமனார் கட்டுனது. பஞ்சு நல்லா வெல போன வருஷம்” என்றார் அந்த அம்மா. ஒரு வீட்டின் வயதைச் சொல்ல அதைவிடப் பொருத்தமான கணக்கு இந்த ஊரில் இல்லை.

பஞ்சுக் கதையை இங்கேயே சொல்லிவிட வேண்டும். 1861-இல் அமெரிக்க உள்நாட்டுப் போர் வெடித்து லங்காஷயர் ஆலைகளுக்குப் பஞ்சு நின்றபோது இந்தியப் பஞ்சுக்கு விலை ஏறியது. கரிசல் பஞ்சு திருநெல்வேலியின் பெயரால் இங்கிலாந்துச் சந்தையில் விலை போனது. மதுரையிலிருந்து தூத்துக்குடிக்கு ரயில் வந்தது 1876-இல். ஆனால் அது விருதுபட்டி (இன்றைய விருதுநகர்), சாத்தூர் வழியாகப் போய்விட்டது. விருதுநகரிலிருந்து ராஜபாளையம் வழியாகத் தென்காசிக்குத் தண்டவாளம் போட்டுத் திறந்தது 1927-இல். நடுவில் ஐம்பது வருடம், பஞ்சுப் பொதி மாட்டுவண்டியில் போய் ரயிலைப் பிடித்தது. இன்று பொதிகை எக்ஸ்பிரஸ் ராத்திரியில் வந்து நிற்கிற நடைமேடையில் நின்று இதைச் சொன்னால், அந்த ஐம்பது வருடத்து வண்டிச்சத்தம் கேட்பவர் காதில் விழும்.

அதே 1927-இல் காந்தி ராஜபாளையம் வந்தார். 1934-இல், ஹரிஜன யாத்திரையின்போது மறுபடியும். அந்த வருகைகளின் பிடிப்பு இந்த ஊரில் எவ்வளவு ஆழமாக இறங்கியது என்பதைக் காந்தி கலை மன்றத்தின் வாசலில் நின்றால் உணரலாம். இந்த ஊர்க்காரரான பூ. ச. குமாரசாமி ராஜா 1949 ஏப்ரலில் சென்னை மாகாணத்தின் பிரதமர் ஆனார். 1950 ஜனவரி 26-இல் குடியரசு பிறந்தபோது மெட்ராஸின் முதலமைச்சராக இருந்தவர் அவரே. 1952 தேர்தலில் அவர் தோற்றார். தோற்ற தொகுதி எது தெரியுமா? ஸ்ரீவில்லிபுத்தூர். பிறகு ஒரிசாவின் கவர்னராக இருந்தார். தன் வீட்டைக் கலை மன்றத்துக்காக ஊருக்கே எழுதிக் கொடுத்துவிட்டு, 1957-இல் மறைந்தார். அரசுப் பொறுப்பில் இருந்தவர்கள் வீடு சேர்ப்பதைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு, முதலமைச்சராக இருந்தவர் இருந்த வீட்டைக் கொடுத்த இடம் இது என்று சொன்னால் பிள்ளைகள் திரும்பிப் பார்ப்பார்கள். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளை இந்த நடைக்கு அழைத்து வந்தால், மற்ற இடங்களில் நேரத்தைக் குறைத்தாவது இங்கே உட்கார வைத்துப் பேச வேண்டும்.

கடைசி நிறுத்தம் ராஜபாளையம் மில்ஸ். ஸ்காட்லாந்துக்கார ஹார்வி சகோதரர்கள் பாபநாசம் அடிவாரத்தில் தண்ணீர் விசையை நம்பி நூற்பாலை தொடங்கியது 1885-இல். அடுத்து மதுரையில் 1892-இல். விவசாயி விளைவித்த பஞ்சை நூலாக்குகிற லாபம் அரை நூற்றாண்டு அவர்களுடையதாக இருந்தது. 1936-இல் பி. ஏ. சி. ராமசாமி ராஜா இங்கே ஆலையைத் தொடங்கினார். அந்தத் துணிவுக்குப் பின்னால் அந்தக் காலம் திறந்துவிட்ட வழிகளும் இருந்தன. 1913-இல் ஆங்கில அரசு போட்ட கம்பெனிச் சட்டத்தால், பல பேர் தங்கள் பணத்தைப் பங்காகப் போட்டு ஒரு தொழிலை நடத்த முடிந்தது. 1932-இல் பைகாரா மின்சாரம் வந்து, ஆற்றங்கரை இல்லாத ஊரிலும் மில் நடக்கும் என்று கோயம்புத்தூர் காட்டிக் கொடுத்தது. 1939-இல் ராமராஜு சர்ஜிகல் காட்டன் மில்ஸ். பக்கத்துச் சத்திரப்பட்டியில் மருத்துவமனைகளுக்கான பேண்டேஜ் துணித் தறி இன்றைக்கும் ஓடுகிறது. வெள்ளைக்காரன் கோர்ட்டையும் ரயிலையும் தன் வசதிக்காகக் கொண்டுவந்தான். அவனுடைய சட்டத்தையும் தண்டவாளத்தையும் எடுத்து அவனுக்கே போட்டியாக நூல் நூற்றது இந்த ஊர்.

மில் வாசலில் மட்டும் வழிகாட்டி பேசக்கூடாது. ஷிப்ட் பார்த்து ஓய்வு பெற்றவர்கள், கண்ணை மூடிக்கொண்டே இழை அறுந்ததைக் கண்டுபிடித்த ரிங் பிரேம்காரர்கள், கோன் எடுத்தவர்கள், கார்டிங்கில் பஞ்சுத்தூசி தின்றவர்கள் அந்தத் தெருக்களில்தான் இருக்கிறார்கள். சங்கு ஊதியதும் சைக்கிளை எந்தச் சந்தில் திருப்பினார்கள், முதல் போனஸில் என்ன வாங்கினார்கள், எந்த வேலைநிறுத்தத்தில் எத்தனை நாள் அடுப்பு எரியவில்லை என்பதையெல்லாம் சொல்ல அவர்களை விட்டால் ஆள் இல்லை. நடையின் கடைசி அரைமணி நேரத்தை முழுதாக அவர்களிடம் கொடுத்துவிட வேண்டும். அதற்கான சம்பளத்தையும், நடைக்கு வாங்கும் கட்டணத்திலிருந்து, அவர்கள் கையில் கொடுக்க வேண்டும்.